அகராதியில் ஆங்கில உச்சரிப்பு: அந்தச் சின்னக் கோட்டைக் கவனியுங்கள்

எங்கள் வீட்டில் உடன்குடிக் கருப்பட்டி வியாபாரம். பனைக்கு ஆங்கிலத்தில் பால்மைரா என்று பெயர். நான் வெகுநாள் ‘பல்மிரா’ என்றே சொல்லிவந்தேன். ஒரு நேர்காணலுக்கு முந்தின நாள் அகராதி பார்த்துத் திருத்திக்கொண்டு போனேன். அப்படியும், மூன்று தடவை சொல்லியும் எதிரே இருந்தவருக்கு விளங்கவில்லை. எங்கே தவறினேன் என்று பிறகுதான் தெரிந்தது.

முதலில் பொருள். ஒற்றைத் தமிழ்ச் சொல்லை மட்டும் காட்டும் ஆப்கள் வேண்டாம். எனக்குப் பிடித்தது லாங்மேன் அகராதி. ஏறக்குறைய 2000 எளிய சொற்களை வைத்தே விளக்கம் தரும். கூடவே இருக்கும் எடுத்துக்காட்டு வாக்கியத்தையும் படித்துவிடுங்கள்.

அடுத்து ஒலிக்குறி. சொல்லுக்குப் பக்கத்தில் இருக்கும் குறிகளுக்கு நடுவே, மேலே ஒரு சின்னச் செங்குத்துக் கோடு நிற்கும். எந்த அசையை அழுத்த வேண்டும் என்று சொல்வது அதுதான். பால்மைராவில் அது ‘பால்’ முடிந்ததும் வரும். முடிந்த அசைக்கு உரியது என்று நினைத்து நான் ‘பால்’ என்பதை அழுத்தினேன். தவறு. கோடு தனக்குப் பின்னால் வரும் அசைக்கு உரியது. ‘மை’தான் ஓங்கி ஒலிக்க வேண்டும்.

கடைசியில் தலைகீழாக ஓர் ஆங்கில ‘ஈ’ (e) எழுத்து இருக்கும். அதை ‘ரா’ என்று நீட்டாதீர்கள். காற்று, நாடு என்னும்போது ஈற்று உகரம் அரை மாத்திரையாகக் குறுகுகிறது அல்லவா, அந்த மாதிரி வாயைத் திறந்தும் திறக்காமலும் சொல்லி விட்டுவிட வேண்டும்.

அப்புறம் ஒலிபெருக்கிப் படத்தைத் தட்டிக் கேளுங்கள். இதற்கு கேம்பிரிட்ஜ் தளம் போதும். பிரிட்டிஷ், அமெரிக்க ஒலி இரண்டும் உண்டு. உங்கள் குரலைப் போனில் பதிந்து, இரண்டையும் மாற்றி மாற்றிக் கேளுங்கள். எழுத்தை நம்பினால் ஏமாற்றும் சொற்களுக்கு இது கட்டாயம். கப்பல் அணையும் துறைமேடையைக் குறிக்கும் சொல்லை (quay) எழுத்துக்கூட்டினால் ‘குவே’ என்றுதான் வரும், சொல்வதோ ‘கீ’. ஒன்றன் முழு உருவாகத் திகழ்வதைச் சொல்லும் ‘எபிட்டமி’யை ‘எபிடோம்’ என்பவர்கள் நிறைய.

பின்சேர்க்கை: ஸ்ரீவைகுண்டத்திலிருந்து ஒருவர் ‘அனிகட்’ பற்றிக் கேட்டிருந்தார். அது நம் அணைக்கட்டேதான், ஆங்கிலத்துக்குப் போய்விட்டது. கோடு சொல்லின் தொடக்கத்திலேயே நிற்பதால் ‘அ’வை அழுத்துங்கள்.

பாளையங்கோட்டை ஆசிரியை ஒருவர், தன் வீட்டுப் பழைய அகராதியில் கோடு அசைக்குப் பின்னால் இருப்பதாக எழுதினார். சரிதான், பழைய அச்சுப் புத்தகங்கள் சிலவற்றில் அப்படித்தான் இருக்கும். அதனால் எந்த அகராதியானாலும், முன்பக்கத்தில் உள்ள குறி விளக்கத்தை முதலில் பார்த்துவிடுங்கள்.