வளவு வெளிச்சத்தில் தொழில் பழகுவது எப்படி

காரைக்குடிப் பக்கமிருந்து ஒளிப்பதிவுக்கு வர நினைக்கும் பிள்ளைகள் என்னிடம் முதலில் கேட்பது, எந்த கேமரா வாங்கலாம் என்பதைத்தான். இப்போதைக்கு எதுவும் வாங்க வேண்டாம். சினிமாவில் கேமராவும் லென்ஸும் நாள் வாடகைக்கு வருபவை. அதற்குப் பதில் ஊரில் ஒரு பெரிய வீட்டில் அனுமதி கேட்டு, காலையிலிருந்து சாயங்காலம் வரை வளவில், அதாவது முற்றத்தைச் சுற்றித் தூண் வைத்த கூடத்தில், உட்கார்ந்து பாருங்கள்.

என் அப்பா கானாடுகாத்தானில் ஒரு செட்டியார் வீட்டுக்குக் காவல் இருந்தார். வருஷத்தில் பெரும்பாலான நாள் பூட்டிக் கிடக்கும் வீடு. பெருக்கித் துடைக்கத் திறக்கும்போது நானும் கூடப் போவேன். வெளிச்சத்தைப் பற்றி எனக்குத் தெரிந்ததில் முக்கால்வாசி அங்கே பார்த்ததுதான். காலையில் வெயில் மேற்குப் பக்கத் தூண்களின் உச்சியில் விழும். மெல்ல இறங்கி, உச்சிப் பொழுதில் முற்றத்துக்கு வந்து, பிறகு கிழக்குப் பக்கம் ஏறிப் போய்விடும். வெயில் படும் இடத்துக்கும் தூணுக்குப் பின்னால் இருக்கும் நிழலுக்கும் நாலைந்து ஸ்டாப் வித்தியாசம் வரும் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரண்டு மடங்கு).

படக் காட்சிக்கு இந்த நகரும் வெயில் எதிரி. திரையில் மூன்று நிமிஷம் ஓடும் பேச்சை எடுக்க அரை நாள் ஆகிறது. அதனால் வெயில் உள்ளே இறங்கும் முன்பே வைட் ஷாட்டை முடித்துவிடுங்கள். அப்புறம் முற்றத்துக்கு மேலே இருக்கும் கம்பி வலையில் காடாத்துணியைக் கட்டிவிட்டு குளோசப்புக்கு வாருங்கள். பாட்டு வீடியோவுக்கு நேர் எதிர். ஒவ்வொரு ஷாட்டும் தனியாக நிற்கலாம் என்பதால் துணியை அவிழ்த்துவிடுங்கள். வெயில் திட்டு போகிற இடத்துக்கெல்லாம் பாடகரை நகர்த்துங்கள்.

தரையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். இந்த வீடுகளின் தரையில் பதித்திருக்கும் ஆத்தங்குடிக் கல்லைக் கண்ணாடி மேல் வார்த்துச் செய்கிறார்கள், அந்த மினுமினுப்பு அங்கிருந்து வருகிறது. என் முதல் பாட்டில் பாடகியைச் சிவப்புக் கல் தரையில் வெயில் ஓரமாக நிறுத்தினேன். மானிட்டரில் தாடைக்குக் கீழே லேசான சிவப்பு தெரிந்தது. மேக்கப் என்று நினைத்து விட்டுவிட்டேன். தரைதான் முகத்தில் எதிரொளித்திருக்கிறது. கலர் செய்யும்போது, அதாவது எடுத்த படத்தின் நிறத்தையும் வெளிச்சத்தையும் திருத்தும்போது, தாடையைச் சரிசெய்தால் உதட்டுச் சாயம் செத்துப்போனது. இப்போது ஃபிரேமுக்குக் கீழே ஒரு வெள்ளை வேட்டியை விரித்துவிடுவேன், அவ்வளவுதான் செலவு. கேமராவைத் தாழ வைத்தால் லைட் ஸ்டாண்டும் தரையில் தெரியும், குனிந்து ஒருமுறை பாருங்கள். முட்டை வெள்ளைக்கரு சேர்த்து இழைத்த சுண்ணாம்புச் சுவரும் இப்படித்தான் பளபளக்கும். லைட்டை நேராக அடிக்காமல் சாய்த்து அடியுங்கள்.

பாட்டுக்கே உரிய ஒரு கணக்கு உண்டு. பாடகர் திரையில் மெதுவாக நகர வேண்டும், ஆனால் உதடு பாட்டோடு பொருந்த வேண்டும் என்றால் கேமராவை விநாடிக்கு 48 ஃபிரேமில் வைத்து, நாக்ராவில் (செட்டில் பாட்டை ஒலிக்க வைக்கும் கருவி) பாட்டை இரண்டு மடங்கு வேகத்தில் போடுங்கள். எடிட்டில் 24க்கு இறக்கினால் உதடு சரியாக உட்காரும். பாடகருக்கு அந்த வேகமான டிராக்கை முந்தின நாளே கொடுத்துவிடுங்கள். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். கேமராவின் ஷட்டர் கோணத்தை 172.8 டிகிரியில் வைத்தால் 24லும் 48லும் பழைய டியூப்லைட் துடிக்காது.

சரி, பிழைப்புக்கு வருவோம். ஏ.வி.எம். ஸ்டுடியோ முதலில் காரைக்குடியில்தான் இருந்தது, 1948இல்தான் சென்னைக்குப் போனது. இன்றைக்கு உதவியாளராகச் சேர நீங்கள் சென்னைக்குத்தான் போக வேண்டும். தரமணி அரசுத் திரைப்படக் கல்லூரியில் படிக்கலாம், அல்லது நேராக ஒரு ஒளிப்பதிவாளரிடம் சேரலாம். நான் சேர்ந்துதான் கற்றேன். படம் ஒன்று வருஷக்கணக்கில் இழுக்கும், பாட்டு இரண்டு நாளில் முடியும். இடைவெளியில் பாட்டு செய்யுங்கள், ஆனால் படத்துக்குக் கொடுத்த தேதியில் கை வைக்காதீர்கள்.

ஒப்பந்தத்தில் ஒரு வரி கட்டாயம் இருக்கட்டும்: கலர் செய்யும் நாளில் ஒளிப்பதிவாளர் உடன் இருப்பார். ஒரு நிறுவனம் என்னைக் கூப்பிடாமலே கலரை முடித்தது. ஒற்றை விளக்கில் நான் எடுத்த ராத்திரியைப் பட்டப்பகலாக்கி, கீழே என் பெயரையும் போட்டார்கள். அதைப் பார்க்க இன்றும் மனசு வலிக்கிறது. அன்றிலிருந்து அந்த வரியும் பாதி முன்பணமும் இல்லாமல் நான் பெட்டி கட்டுவதில்லை.

அப்புறம் அந்த வீடு. பர்மா தேக்குத் தூணில் ஆணி அடிக்கவோ டேப் ஒட்டவோ லைட்மேனை விடாதீர்கள். ஸ்டாண்ட் கால்களுக்கு அடியில் சாக்குத் துண்டு போடுங்கள். ஒரு கல் உடைந்தால் அதே நிறத்தில் மாற்றுக் கல் கிடைப்பது கஷ்டம், அதற்குப் பதில் சொல்ல வேண்டியவர் காவலுக்கு இருப்பவர். கடைசி விளக்கு அணைந்ததும் தரை முழுக்க டார்ச் அடித்துப் பார்த்துவிட்டுத்தான் அவர் கையில் சாவியைக் கொடுப்பேன்.