போர் தண்ணீரில் செடித் தொட்டி: பராமரிப்பு குறைய என்ன செய்யலாம்?

செடி வைத்த மீன் தொட்டி பாழாவது பெரும்பாலும் அவசரத்தால்தான். சனிக்கிழமை தொட்டி, ஞாயிற்றுக்கிழமை இருபது மீன், புதன்கிழமை துக்கம்.

2 அடி நீளம், 1 அடி அகலம், 1 அடி உயரமுள்ள தொட்டியில், மண்ணும் கல்லும் போக 40 லிட்டர் அளவில் தண்ணீர் நிற்கும். மொத்த எடை 70 கிலோவை நெருங்குவதால் ஆடாத மேசை வேண்டும். அடியில் தெர்மாகோல் விரியுங்கள். ஜன்னல் வெயில் படக்கூடாது.

அடியில் உரம் கலக்காத செம்மண் 1 அங்குலம், சுமார் 4½ லிட்டர். சலித்து, வாளியில் ஊறவைத்து, மிதக்கும் வேரையும் சருகையும் வடித்துவிடுங்கள். சாணம், மண்புழு உரம் கலந்தால் மீனைக் கொல்லும் அம்மோனியா எகிறும். நர்சரியில் விற்கும் தயார் கலவை வேண்டாம் என்பது அதனால்தான். மண்ணின் மேல் 2–3 மி.மீ. கூழாங்கல் 1½ அங்குலம், 10–12 கிலோ. கல்லில் வினிகர் விட்டு நுரைத்தால் சுண்ணாம்பு இருக்கிறது. ஏற்கெனவே கடினமான, அதாவது சுண்ணாம்பு உப்புகள் கரைந்த, போர் தண்ணீருக்கு அது கூடாது. ஒரு தட்டை வைத்து அதன்மேல் தண்ணீரை மெல்ல ஊற்றினால் மண் கலங்காது.

செடியில் மட்டும் கஞ்சத்தனம் கூடாது. முதல் நாளே தரையில் முக்கால் பங்கு மறைய வேண்டும். பின்னால் வாலிஸ்னேரியா, நடுவில் இலங்கையைச் சொந்த மண்ணாகக் கொண்ட கிரிப்டோகோரைன் வென்டியை, கட்டையில் நூலால் கட்டிய ஜாவா ஃபெர்ன், மேலே மிதக்க ஹார்ன்வொர்ட். ஜாவா ஃபெர்னின் தண்டைப் புதைத்தால் அழுகும். கிரிப்டோகோரைன் நட்ட சில நாளில் இலை கரைந்து கூழாகும். செத்ததென்று பிடுங்காதீர்கள், வேரிலிருந்து புது இலை வரும்.

எல்.ஈ.டி. விளக்கு தினம் 6 மணி நேரம், டைமர் போட்டு. பச்சைப் பாசி படர்ந்தால் மருந்து ஊற்றாமல் ஒரு மணி நேரம் குறையுங்கள். ஆரம்பத்தில் கண்ணாடியில் படியும் பழுப்புப் படலம் தானாகப் போய்விடும்.

காற்று பம்ப்பில் ஓடும் ஸ்பாஞ்ச் ஃபில்டர் ஒன்று போதும். அதை ஓடவிட்டு 4 முதல் 6 வாரம் மீனில்லாமல் காத்திருக்க வேண்டும். மண் வெளியிடும் அம்மோனியாவைத் தின்று பாக்டீரியா பெருகுவது இந்த நாட்களில்தான். டெஸ்ட் கிட்டில் அம்மோனியா, அதிலிருந்து பாக்டீரியா உண்டாக்கும் நைட்ரைட் இரண்டும் பூஜ்யமானால் மீன் விடலாம். பி.எச். (அமில-கார அளவு) 8-ஐத் தாண்டும் தண்ணீரில் கொஞ்ச அம்மோனியாவே அதிகம் கொல்லும். போர் தண்ணீர்க்காரர்கள் இந்தச் சோதனையைத் தவிர்க்கவே கூடாது.

நியான் டெட்ரா மீனுக்கு மிதமான வெப்பமும் மென்மையான நீரும் வேண்டும். நம் ஊர்க் கடின நீருக்கும் வெயிலுக்கும் கப்பி ஏற்றது. ஆண் மீன்களாக 4, இரண்டு வாரம் கழித்து இன்னும் 4. பெண்ணும் சேர்ந்தால் தொட்டி சீக்கிரமே நிரம்பி வழியும்.

தீனி ஒரு வேளை, இரண்டு நிமிடத்தில் தீரும் அளவு. முதல் மாதம் வாரம் ஒருமுறை கால் பங்கு தண்ணீர் மாற்றுங்கள். பிறகு மாதம் இருமுறை போதும். ஆவியாகிக் குறையும் அளவுக்கு ஆர்.ஓ. தண்ணீர் விடுங்கள், போர் தண்ணீரே விட்டால் உப்பு ஏறிக்கொண்டே போகும். ஸ்பாஞ்சைத் தொட்டியிலிருந்து எடுத்த தண்ணீரிலேயே பிழியுங்கள், குளோரின் கலந்த குழாய் நீர் பாக்டீரியாவைக் கொன்றுவிடும்.

காற்று பம்ப்பைத் தண்ணீர் மட்டத்துக்கு மேலே வையுங்கள், அல்லது குழாயில் நான்-ரிட்டர்ன் வால்வு மாட்டுங்கள். இல்லையென்றால் கரண்ட் போன நேரத்தில் தண்ணீர் குழாய் வழியே பின்னோக்கி வந்து பம்ப்புக்குள் இறங்கும்.