ஏறி வருகிற வண்டிக்கு வழி விடு: ஒன்றாம் வகுப்புக்குப் போகும் என் மகளுக்கு

பாப்பா, திங்கட்கிழமை நீ ஒன்றாம் வகுப்புக்குப் போகிறாய். உனக்கு இன்னும் எழுத்துக் கூட்டித்தான் படிக்க வருகிறது, 'ஞ' வந்தால் நின்றுவிடுகிறாய். அதனால் இதை இப்போது நானே வாசித்துக் காட்டுகிறேன். அப்புறம் பீரோவில் உன் தடுப்பூசி அட்டையோடு வைத்துவிடுவேன். பெரியவளானதும் நீயே எடுத்துப் படி.

அப்பா பத்தொன்பது வருஷமாகக் கோத்தகிரியிலிருந்து மேட்டுப்பாளையம் மண்டிக்குக் காய்கறி வண்டி ஓட்டுகிறேன். கேரட், பீட்ரூட், முட்டைகோஸ். 33 கிலோமீட்டர் இறக்கம், திரும்பி வர அதே 33 கிலோமீட்டர் ஏற்றம். எனக்குத் தெரிந்ததையெல்லாம் இந்த ரோடுதான் சொல்லிக் கொடுத்தது. அதிலிருந்துதான் உனக்கும் சொல்கிறேன்.

முதலில் வாந்தி. ஸ்கூல் வேனில் உனக்கு முதல் பிரச்சினை அதுதான். வளைவில் வண்டி திரும்பும்போது உன் காதுக்குள் இருக்கிற சமநிலை உறுப்பு 'ஆடுகிறோம்' என்று சொல்லும். நீ முன் சீட்டின் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தால் கண்ணோ 'இல்லையே, சும்மாதானே உட்கார்ந்திருக்கிறோம்' என்று சொல்லும். கண்ணும் காதும் சண்டை போட்டால் அடி வாங்குவது வயிறு. ஆகவே ஜன்னல் ஓரம் உட்கார்ந்து தூரத்து மலையைப் பார். வளைவு எந்தப் பக்கம் வரப்போகிறது என்று கண்ணுக்கு முன்கூட்டியே தெரிந்துவிட்டால் சண்டை அடங்கிவிடும். வேனில் புத்தகம் வேண்டாம், யாருடைய போனையும் எட்டிப் பார்க்க வேண்டாம். காலையில் இரண்டு இட்லி போதும். பூரி வேண்டாம், அப்பாயி ஆசையாகக் கொடுத்தாலும் சாயங்காலத்துக்கு எடுத்து வைக்கச் சொல். அப்படியும் குமட்டினால் வெட்கப்படாமல் டிரைவர் அண்ணனிடம் "நிறுத்துங்க அண்ணா" என்று சத்தமாகச் சொல். வாயைப் பொத்திக்கொண்டு சும்மா இருந்தால் பக்கத்தில் இருக்கிறவளின் புது யூனிஃபார்ம்தான் வீணாகும்.

மேட்டுப்பாளையம் போகும்போது உன் காது அடைக்குமே, அது வியாதி இல்லை. நம் ஊர் ஏறத்தாழ 1800 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, மேட்டுப்பாளையம் 300 மீட்டர் சொச்சத்தில். கீழே போகப் போகக் காற்றின் அழுத்தம் கூடும். எச்சில் விழுங்கு, வாயை ஆவென்று திறந்து கொட்டாவி விடு, காது திறந்துகொள்ளும். கீழே வாங்கிய சிப்ஸ் பாக்கெட் மேலே வருவதற்குள் தலையணை மாதிரி உப்பிவிடுவதும் இதே காரணத்தால்தான். கடைக்காரர் நிறையப் போட்டுக் கொடுத்தார் என்று போன வாரம் நீ சந்தோஷப்பட்டாய். உள்ளே இருந்தது அதே பத்து சிப்ஸ்தான் பாப்பா.

இப்போது முக்கியமான விஷயம். மலைப்பாதையில் இரண்டு வண்டி எதிரெதிரே வந்து இடம் போதவில்லை என்றால் யார் நிற்க வேண்டும்? இறங்குகிற வண்டிதான் ஒதுங்கி நிற்க வேண்டும், ஏறி வருகிற வண்டியை விட வேண்டும். இது அப்பா சொன்னதல்ல, சாலை விதியிலேயே இருக்கிறது. ஏன் என்று கேள். ஏற்றத்தில் பாரத்தோடு நின்ற வண்டியை மறுபடி கிளப்புவது லேசான வேலை இல்லை. கிளட்ச்சை விடும் அந்த ஒரு நொடியில் வண்டி பின்னால் உருளப் பார்க்கும், இன்ஜின் முனகும், கிளட்ச் கருகும் வாடை வரும். இறங்குகிறவனுக்கு அந்தக் கஷ்டம் கிடையாது. பிரேக்கை விட்டால் போதும், வண்டி தானே நகரும். யாருக்கு மறுபடி கிளம்புவது சுலபமோ அவர் நிற்க வேண்டும்.

ரோட்டில் மட்டும் இல்லை பாப்பா, எங்கே போனாலும் 'இங்கே ஏறி வருகிறவர் யார்' என்று பார். தோட்டத்து ஒற்றையடிப் பாதையில் இலை மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு பெரியம்மாக்கள் வருவார்கள். ஒரு கிலோ தேயிலைத் தூளுக்கு நாலு கிலோவுக்கு மேல் பச்சை இலை வேண்டும். அத்தனை இலையும் இப்படி ஒருவர் தலையில் ஏறித்தான் வருகிறது. உன் அம்மாவும் அப்படித்தான் வருகிறாள். அவர்களைப் பார்த்ததும் நீ செடிப்பக்கம் ஒதுங்கி நின்றுவிடு. வகுப்பில் ஒரு பிள்ளை முதல் நாள் அழுதால் அவளும் ஏற்றத்தில் இருக்கிறாள் என்று வைத்துக்கொள். 'அழுமூஞ்சி' என்று ஹாரன் அடிக்காதே. டீச்சர் கேள்வி கேட்டு ஒருவன் திக்கித் திக்கிப் பதில் சொன்னால், உனக்குப் பதில் தெரிந்தாலும் நடுவில் புகாமல் அவன் முடிக்கும் வரை இரு. அப்பாயி முட்டி வலியோடு படி ஏறும்போது இடையில் நுழைந்து ஓடுகிறாயே, அது தப்பு. நீ ஏறுகிற நேரமும் வரும். கணக்கு வராது, காய்ச்சல் வரும், கூட்டாளி 'டூ' விடுவாள். அப்போது யாராவது ஒதுங்கி நின்றால் தயங்காமல் ஏறிப் போ. போகும்போது கையைத் தூக்கிக் காட்டு. ஒதுங்கி நின்ற டிரைவருக்கு நாங்கள் எல்லோரும் அப்படித்தான் நன்றி சொல்வோம்.

இதோடு சேர்ந்தது கல். லோடு வண்டி ஏற்றத்தில் நின்றால் கிளீனர் குதித்து இறங்கிப் பின் டயருக்கு ஒரு கல் வைப்பார், வண்டி உருளாமல் இருக்க. வண்டி கிளம்பியதும் பாதிப் பேர் அந்தக் கல்லை அப்படியே ரோட்டில் விட்டுவிட்டுப் போய்விடுகிறார்கள். எனக்கு இதைப்போல் கோபம் வரவைக்கிற விஷயம் வேறில்லை. ராத்திரி, பனிமூட்டம், பின்னால் பைக்கில் வருகிறவனுக்கு அந்தக் கல் தெரியுமா? நான் இருபத்திரண்டு வயதில் கிளீனராக இருந்தபோது ஒரு கல்லை விட்டுவிட்டு வந்தேன். இரண்டு கிலோமீட்டர் தள்ளித்தான் ஞாபகம் வந்தது. டிரைவர் அண்ணன் ஒரு வார்த்தை திட்டவில்லை, வண்டியை ஓரம் கட்டி, "போய் எடுத்துட்டு வா" என்று மட்டும் சொன்னார். மழையில் நடந்து போய் எடுத்தேன். அந்தக் கல் நம் வீட்டு வாசலில் துளசித் தொட்டிக்குக் கீழே இருக்கிறது, நீ தினமும் ஏறிக் குதிப்பாயே, அதுதான். எனவே பாப்பா: அலமாரியை எட்ட ஸ்டூல் போட்டால் ஸ்டூலை எடுத்து வை. மரக்கட்டை வைத்து விளையாடினால் எடுத்து வை. ராத்திரி தண்ணீர் குடிக்க எழுந்து அப்பா அந்தக் கட்டைமேல் கால் வைத்தபோது போட்ட சத்தம் பக்கத்து லயன் (தோட்டத்து வரிசை வீடுகள்) வரைக்கும் கேட்டது.

கோபத்துக்கும் ஒரு வழி சொல்கிறேன். உனக்கு வருகிற கோபம் சின்னது இல்லை, வீடே அதிரும். இறக்கத்தில் வண்டியை எப்படி இறக்குவோம் தெரியுமா? இரண்டாவது கியரில். மலைப்பாதையில் அங்கங்கே போர்டே வைத்திருப்பார்கள். கியர் குறைவாக இருந்தால் இன்ஜினே வண்டியைப் பிடித்து வைத்துக்கொள்ளும். அப்படிச் செய்யாமல் கீழே வரை பிரேக்கையே மிதித்துக்கொண்டு வந்தால் பிரேக் சூடேறி, லைனர் கருகி, கடைசியில் மிதித்தாலும் பிடிக்காது. சமவெளியிலிருந்து சுற்றுலா வருகிறவர்களின் வண்டிகளில் புகை வருவதை நீயே பார்த்திருக்கிறாய். டீசல் மிச்சம் பிடிக்க நியூட்ரலில் இறக்குகிறவர்களும் உண்டு. அது நெருப்போடு விளையாடுவது.

கோபத்திலும் 'கத்த மாட்டேன், கத்த மாட்டேன்' என்று பல்லைக் கடித்துக்கொண்டு நிற்பது பிரேக்கை மட்டும் மிதிப்பது மாதிரி. கொஞ்ச நேரம்தான் பிடிக்கும், அப்புறம் மொத்தமாகப் போய்விடும். கியரைக் குறை. குரலை இறக்கிப் பேசு, நடையைச் சின்னதாக்கு, நாய்க்குட்டிப் பக்கத்தில் போய் உட்கார். "எனக்குக் கோபமா இருக்கு, இரண்டாவது கியர்ல இருக்கேன்" என்று சொல்லிவிடு. நானும் அம்மாவும் புரிந்துகொண்டு ஒதுங்கிவிடுவோம். போன புதன்கிழமை தலை பின்னும்போது நீ அப்படிச் சொன்னாய். அம்மா சீப்பைக் கீழே வைத்துவிட்டாள் அல்லவா?

அடுத்தது காட்டெருமை. பேரில் எருமை இருந்தாலும் அது மாட்டு இனம்தான். பெரிய ஆண் ஆயிரம் கிலோ வரை இருக்கும், அப்பா வண்டியில் ஏற்றுகிற கேரட்டில் பாதி பாரம். நாலு காலிலும் உன்னை மாதிரியே முழங்கால் வரை வெள்ளை சாக்ஸ். சாக்ஸ் போட்டிருக்கிறதே, ஸ்கூலுக்குத்தான் போகிறது என்று நினைத்துப் பக்கத்தில் போகாதே. தோட்டத்துப் பாதையில் எதிரே நின்றால் நீயும் நின்றுவிடு. ஓடாதே, கத்தாதே, கல் எறியாதே. கண்ணை அதன்மேல் வைத்துக்கொண்டே மெதுவாகப் பின்னால் போய், ஒரு சுவரோ பெரிய மரமோ உனக்கும் அதற்கும் நடுவில் இருக்கும்படி நில். அது உடம்பைப் பக்கவாட்டில் திருப்பித் தன் உயரத்தைக் காட்டினால், மூக்கால் சீறினால், 'நீ இன்னும் தள்ளிப் போ' என்று அர்த்தம். கன்று இருந்தால் தாய்க்கும் கன்றுக்கும் நடுவில் மட்டும் போகவே கூடாது. அது போன பிறகு ஒரு நிமிஷம் பொறுத்திரு, பின்னால் இன்னொன்று வரும். ஸ்கூலுக்கு லேட்டானால் டீச்சரிடம் காரணம் சொல். இந்த ஊரில் 'காட்டெருமை நின்னுச்சு டீச்சர்' என்பது நியாயமான காரணம். ஆனால் எழுந்திருக்க லேட்டான நாளில் அதைச் சொல்லாதே, அந்தப் பாதையில்தான் டீச்சரும் வருகிறார்.

கரடிக்கு வேறு மாதிரி. அதற்குக் கண் அவ்வளவு தெரியாது. திடீரென்று பக்கத்தில் ஆளைப் பார்த்தால் பயந்துதான் பாயும். அதனால் அந்தி நேரத்தில் சத்தம் கொடுத்துக்கொண்டே நட. கொண்டை ஊசி வளைவில் அப்பா ஏன் ஹாரன் அடிக்கிறேன்? அந்தப் பக்கம் இருக்கிறவருக்கு நான் வருவது தெரியட்டும் என்றுதான். நீ பாட்டுப் பாடு, வாய்ப்பாடு சொல், இரண்டாம் வாய்ப்பாட்டைத் தப்பாகச் சொன்னாலும் கரடி திருத்தாது. கோயில் விளக்கில் ஊற்றுகிற எண்ணெயின் வாசனைக்கு அது ஊருக்குள் வருகிறது என்பது உனக்குத் தெரியும், ஆகவே இருட்டின பிறகு கோயில் பக்கம் தனியாகப் போக வேண்டாம். பாத்ரூம் கதவையும் இதே மாதிரி தட்டிவிட்டுத் திற. உள்ளே தாத்தா இருந்தாலும் திடுக்கிட்டுப் போவார்.

பலாப்பழ சீசனில் மேட்டுப்பாளையம் ரோட்டில் குஞ்சப்பனை, முள்ளூர் பக்கம் யானை வரும். அங்கே நீ வண்டியை விட்டு இறங்கவே கூடாது, ஒண்ணுக்கு வந்தாலும் அடக்கு. மழையில் காலில் அட்டை ஏறினால் பிடித்து இழுக்காதே, நகத்தைப் பக்கவாட்டில் கொடுத்துத் தள்ளிவிடு. கொஞ்ச நேரம் ரத்தம் நிற்காமல் வரும், அட்டையின் எச்சில் ரத்தத்தை உறைய விடாது, அவ்வளவுதான். சோப்பு போட்டுக் கழுவு. சோறு இன்னும் வேகவில்லையா என்று அம்மாவைப் பத்து தடவை கேட்காதே. நம் உயரத்தில் தண்ணீர் 94 டிகிரியிலேயே கொதித்துவிடும், 100 வரை சூடு ஏறாது, குக்கர் மூடி போட்டால்தான் சீக்கிரம் வேகும். குற்றம் அம்மாவுடையது இல்லை, மலையுடையது.

ஸ்கூலில் ஒரு கேள்வி வரும், அதற்குத் தயாராகப் போ. "உன் சொந்த ஊர் எது?" என்னைக் கேட்டார்கள், 'சிலோன்காரப் பையன்' என்று ஒரு மாதிரியாகச் சொன்னார்கள், நான் தலையைக் குனிந்துகொண்டு நின்றேன். நீ அப்படி நிற்க வேண்டியதில்லை. தாத்தா பிறந்தது இலங்கையில், மாத்தளையில், ஒரு லயன் வீட்டில். தோட்டத் தமிழர்களில் ஒரு பகுதியினரை இந்தியாவுக்கு அனுப்ப இரண்டு நாடும் போட்ட 1964 ஒப்பந்தத்துக்குப் பிறகு, தலைமன்னாரில் கப்பல் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கினார், கையில் ஒரு டிரங்குப் பெட்டி. அவரைப் போலத் திரும்பி வந்தவர்களுக்காக 1968இல் அரசு தொடங்கிய தேயிலைத் தோட்டத்தில் வேலைக்குச் சேர்ந்தார். அந்தப் பெட்டியில்தான் உன் பொம்மைகள் கிடக்கின்றன. தாத்தாவின் தாத்தா புதுக்கோட்டைப் பக்கத்திலிருந்து போனவர். அதனால் யாராவது கேட்டால் விரல் விட்டு எண்ணிக் காட்டு: "கோத்தகிரி ஒண்ணு, மாத்தளை ரெண்டு, புதுக்கோட்டை மூணு. எனக்கு மூணு ஊர் இருக்கு. உனக்கு எத்தனை?" நேற்று தாத்தாவிடம் இதைச் சொல்லிப் பார்த்தாய். அவர் ஒன்றும் பேசாமல் உன் மூன்று விரலையும் பிடித்துக்கொண்டே ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தார்.

திங்கட்கிழமை விடியற்காலை அப்பாவுக்கு லோடு இருக்கிறது. மூன்று மணிக்குக் கிளம்பினாலும் நீ வேன் ஏறுவதற்குள் திரும்பிவிடுவேன், மண்டியில் பேசிவிட்டேன். குடை, ஸ்வெட்டர், தண்ணீர் பாட்டில் (ஸ்டீல்தான், பிளாஸ்டிக் நம் மலைக்கு ஆகாது) எல்லாம் கதவுக்குப் பின்னால் மாட்டியிருக்கிறது. குடையை வகுப்பு வாசலில் உதறிவிட்டு உள்ளே போ. டிபன் பாக்ஸில் மூன்று இட்லி வைக்கச் சொல்லியிருக்கிறேன். இரண்டு உனக்கு, ஒன்று பக்கத்தில் உட்காருகிற பிள்ளைக்கு. அவள் பேர் என்ன என்று கேட்டுக்கொண்டு வந்து சாயங்காலம் எனக்குச் சொல்.