ஊட்டியின் பேய்க்கதை நடைக்குப் போகுமுன்

நீலகிரிக்கு விடுமுறையில் வருகிறவர்களுக்குப் படகு இல்லத்தையும் தாவரவியல் பூங்காவையும் யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஸ்வெட்டர் எடுத்துக்கொள்ளுங்கள் என்று எழுதினால் சிரிப்பீர்கள். நான் எழுத வந்தது, ஊட்டியின் கல்லறைகளையும் பழைய கொலைக் கதைகளையும் நடந்தே காட்டும் சுற்றைப் பற்றி. சேரிங்கிராஸ் நீரூற்றுப் பக்கம் பத்துப் பன்னிரண்டு பேரைச் சேர்த்துக்கொண்டு ஒரு வழிகாட்டி புறப்படுவார். மூடுபனி இறங்கும் நேரத்தில் ஏதாவது ஒரு தேவாலயத்தின் பின்புறம் கதையை முடிப்பார். வெளிநாட்டில் வளரும் பிள்ளைகள் ஒரு மாலை முழுவதும் கைபேசியைத் தொடாமல் இருக்க வேண்டுமானால் இதற்கு அழைத்துப் போங்கள். அருவங்காட்டுத் தொழிற்சாலையின் சங்கு கேட்டு எழுந்து வளர்ந்தவர்களுக்கும் இதில் புதிய செய்தி இருக்கிறது. எனக்கு இருந்தது.

எந்த மாதம் வருகிறீர்கள் என்பதைக் கொஞ்சம் யோசியுங்கள். மே வேண்டாம். மலர்க் கண்காட்சிக் கூட்டம் ஒரு காரணம். 2024 மே மாதத்திலிருந்து உயர் நீதிமன்ற உத்தரவுப்படி வெளியூர் வண்டிகள் மலையேற இ-பாஸ் வேண்டும் என்பது இன்னொன்று. கோயம்புத்தூர் விமான நிலையத்தில் வாடகைக் கார் பிடிக்கிறவர்கள் வண்டியில் ஏறுவதற்கு முன்பே ஓட்டுநரிடம் அது இருக்கிறதா என்று கேட்டுவிடுங்கள். பர்லியாறு சோதனைச் சாவடியில் கேட்டால் காலம் கடந்திருக்கும். அரசுப் பஸ்ஸில் வந்தால் இந்தத் தொல்லையே இல்லை. மூன்றாவது காரணம், மே, ஜூன் மாதங்களில்தான் வட்டாட்சியர் அலுவலகங்களில் ஜமாபந்தி, அதாவது கிராம நிலக் கணக்குகளின் வருடாந்திரத் தணிக்கை, நடக்கும். பேய்க்கதைக்கும் ஜமாபந்திக்கும் என்ன தொடர்பு என்று கேட்பீர்கள். தாத்தா பெயரில் ஒரு பட்டாவும் அதைப் பார்த்துக்கொள்ள ஒரு சித்தப்பாவும் இருக்கிறவர்களுக்குத் தொடர்பு உண்டு.

நடைக்குப் பணம் கட்டிய செய்தியை உறவினர்களிடம் சொல்லாதீர்கள். உங்களுக்கு ஓய்வு நேரம் இருக்கிறது என்பதற்கு நீங்களே கொடுக்கும் சாட்சியம் அது. "ஊட்டிக்குத்தானே போகிறாய் கண்ணு? போகிற வழியில் ஒரு கையெழுத்து. அரை மணி நேரம்" என்றார் சித்தப்பா. கையெழுத்துப் போட வேண்டிய அலுவலகம் எந்தத் தாலுகாவில் இருக்கிறது என்று எழுதப் போவதில்லை. ஊட்டிக்குப் போகிற வழியில் இல்லை என்பதை மட்டும் சொல்லலாம்.

தாத்தாவின் நிலத்தில் அப்பாவுக்கு ஒரு பங்கு. அப்பா இப்போது இல்லை என்பதால் அந்தப் பங்குக்கு நான் வாரிசு. என் பங்கை விட்டுக்கொடுத்து விடுதலைப் பத்திரம் எழுதித் தர வேண்டும் என்பது சித்தப்பாவின் நெடுநாள் கோரிக்கை. எழுதித் தருவதில் எனக்கு மறுப்பு எதுவும் இல்லை. ஆனால் அதற்கு முன்னால் வாரிசுச் சான்றிதழ் வேண்டும், அதற்கு முன்னால் கிராம நிர்வாக அலுவலரின் அறிக்கை வேண்டும், அதற்கும் முன்னால் தாத்தா ஒரே ஆள்தான் என்று நிரூபிக்க வேண்டும். பட்டாவில் அவர் பெயர் ஓர் எழுத்தில் தொடங்குகிறது, இறப்புச் சான்றிதழில் வேறு எழுத்தில். இருவரும் ஒருவரே என்று முத்திரைத்தாளில் உறுதிமொழி எழுதி நோட்டரியிடம் முத்திரை வாங்கி வரச் சொன்னார்கள். வாங்கி வந்தோம். ஆதார் எண் கேட்டார்கள். என்னிடம் இல்லை. வெளிநாட்டுக் குடியுரிமை பெற்ற இந்திய வம்சாவளியினருக்கு இந்திய அரசு தரும் ஓசிஐ அட்டையை நீட்டினேன். அந்த ஊழியர் அதைக் காலாவதியான ரேஷன் அட்டையைப்போல் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இது இந்தியா கொடுத்ததா கனடா கொடுத்ததா என்று பக்கத்து மேசையில் கேட்டார். பக்கத்து மேசையில் ஆள் இல்லை. ஜமாபந்திக்குக் கணக்கு எடுத்துக்கொண்டு போயிருந்தார். பிறகு சர்வர் வேலை செய்யவில்லை. பிறகு சாப்பாட்டு நேரம்.

சேரிங்கிராஸில் மூன்று மணிக்கு வழிகாட்டி ஆட்களை எண்ணிக்கொண்டிருந்தபோது நான் அலுவலக வாசலில் மனு எழுதித் தருகிறவரின் மர முக்காலியில் உட்கார்ந்து பன் தின்றுகொண்டிருந்தேன். அன்றைய கட்டணம் போனது போனதுதான். மகள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாள்.

கோபம் வந்தது. ஆனால் கோபப்படவும் முடியவில்லை. காரணம் சித்தப்பாவின் துணிப்பை. தாத்தாவின் பட்டா நகலைத் தேடியபோது அதற்குள் இருந்த காகிதங்கள் ஒவ்வொன்றாக மேசைக்கு வந்தன. நான் ஊரைவிட்டுப் போன ஆண்டிலிருந்து வரிசையாக வீட்டு வரி ரசீதுகள், பாட்டியின் கடைசி மாதத்து மருந்துச் சீட்டுகள், மயானத்தில் கட்டிய பணத்துக்கு ஒரு சிறு துண்டு ரசீது. எல்லாவற்றிலும் அவர் கையெழுத்து. அவர் எதையும் சுட்டிக்காட்டவில்லை. பட்டா நகல் கிடைத்ததும் மற்றவற்றை அடுக்கி ரப்பர் வளையம் போட்டு உள்ளே வைத்துவிட்டார். இப்படிப்பட்ட பை உங்கள் வீட்டிலும் ஒருவரிடம் இருக்கும். அதை நீங்கள் திறக்காதீர்கள், அவரையே தேடி எடுத்துத் தரச் சொல்லுங்கள்.

இந்த இடத்தில் உருப்படியாகச் சிலவற்றைச் சொல்லிவிடுகிறேன். வெளிநாட்டுக் குடியுரிமை வாங்கியவருக்கு ஊரில் நிலமே சேராது என்று உறவினர்கள் சாதிப்பார்கள். ஓசிஐ அட்டைக்காரர்கள் விவசாய நிலத்தையோ தோட்டத்தையோ விலைக்கு வாங்க முடியாது, அவ்வளவுதான். குடும்பச் சொத்து வாரிசுரிமையாக வருவதற்குத் தடை இல்லை. விட்டுக்கொடுப்பது என்று முடிவு செய்துவிட்டால், அதை விடுமுறையில் வந்து செய்யாதீர்கள். நீங்கள் வாழும் நகரத்து இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்று, நம்பிக்கையான ஒருவருக்கு அதிகார ஆவணம் (பவர் ஆஃப் அட்டர்னி) அனுப்புங்கள். அது இந்தியா வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை செலுத்தியாக வேண்டும். பலர் கோட்டை விடுவது அங்கேதான். எல்லா ஆவணங்களிலும் பெயர் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்கிறதா என்று டிக்கெட் எடுப்பதற்கு முன்பே பாருங்கள். திங்கட்கிழமைகளில் மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் குறைதீர்க்கும் கூட்டம் நடக்கும் என்பதால், அன்று மற்ற அலுவலகங்களிலும் பாதிப் பேரைப் பார்க்க முடியாது.

அடுத்த முறை நடைக்குப் போனபோது சித்தப்பாவும் வந்தார், பையோடு. உறுதிமொழியில் ஒரு பக்கத்தில் என் கையெழுத்து விடுபட்டிருந்ததாம்.

நடையில் கேட்க வேண்டியவை என்று நான் நினைப்பவை சில. புனித ஸ்டீபன் தேவாலயத்துக்கு 1829-இல் அடிக்கல் போட்டார்கள். கூரையைத் தாங்கும் உத்திரங்கள் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்பு சுல்தானின் அரண்மனையைப் பிரித்துக் கொண்டுவந்த மரங்கள். தோற்ற மன்னனின் வீட்டுக் கூரைக்குக் கீழே ஜெயித்தவர்கள் முழங்காலிட்டுப் பிரார்த்தனை செய்தார்கள் என்பதைவிடப் பெரிய பேய்க்கதை எனக்கு வேண்டியதில்லை. வழிகாட்டிக்கு அது போதவில்லை. வெள்ளை உடுப்புப் பெண் ஒருத்தியைக் கொண்டுவந்தார். மலைவாழிடங்கள் எல்லாவற்றுக்கும் ஒரு வெள்ளை உடுப்புப் பெண் உண்டு. அவள் வரும்போது நீங்கள் சுவரில் பதித்த கல்வெட்டுகளைப் படிக்கப் போகலாம்.

பின்புறச் சரிவில் உள்ள கல்லறைத் தோட்டத்தில் ஊட்டியை உருவாக்கிய கோவை ஆட்சியர் ஜான் சல்லிவனின் மனைவியும் மகளும் கிடக்கிறார்கள். அவர்களை இங்கே புதைத்த சல்லிவன் 1841-இல் இங்கிலாந்துக்குத் திரும்பிவிட்டார். அவருடைய கல்லறை அங்கே. வழிகாட்டி இதைச் சொல்லிக்கொண்டிருந்தபோது சித்தப்பா பக்கத்துச் சமாதியின் கல்மேல் உறுதிமொழியை விரித்து, பேனாவின் மூடியைக் கழற்றி என்னிடம் நீட்டினார். "சமமாக இருக்கிறது, இதில் வைத்தே போடு." வழிகாட்டி முகம் சுளித்தார். நான் போட்டேன். மை உலரட்டும் என்று காகிதத்தை வீசிக்கொண்டே, "பெண்டாட்டி பிள்ளையை இங்கே விட்டுவிட்டு இவர் மட்டும் ஊருக்குப் போய்விட்டாராக்கும்" என்றார், சல்லிவனைப் பற்றித்தான்.

ஏரிக்கரைப் பக்கம் புனித தோமா தேவாலயத்துக்கும் அழைத்துப் போகிற சுற்றாக இருந்தால் நல்லது. விவேகானந்தரின் சொற்பொழிவுகளைச் சுருக்கெழுத்தில் எடுத்த ஜோசையா குட்வின் 1898-இல் ஊட்டியில் இறந்து அங்கே அடக்கமானார். அவர் எழுதி வைக்காமல் இருந்திருந்தால் அந்தப் பேச்சுகளில் பெரும்பகுதி காற்றோடு போயிருக்கும். பேய் எதுவும் இல்லாத கல்லறை என்பதாலோ என்னவோ, எங்கள் வழிகாட்டி அதை ஒரே வாக்கியத்தில் தாண்டினார்.

குற்றக் கதைகளில் உச்சம் சீனக் கைதிகள். மலாய்ப் பக்கத்து ஆங்கிலேயக் குடியேற்றங்களில் தண்டனை பெற்ற சீனர்களைச் சென்னைச் சிறைக்கு அனுப்பினார்கள். அங்கே இடம் போதாமல், 1860-களில் நீலகிரியின் சிங்கோனா தோட்டங்களுக்கு வேலைக்கு ஏற்றினார்கள். சிங்கோனாப் பட்டையிலிருந்து எடுக்கும் கொய்னா மலேரியாவுக்குத் தேவைப்பட்ட காலம் அது. 1867-இல் லவ்டேலில் லாரன்ஸ் விடுதிக் கட்டட வேலையில் இருந்த கைதிகள் சிலர் தப்பினார்கள். தேடிப்போன போலீஸ்காரர்களில் நான்கு பேர் திரும்பவில்லை. சில வாரம் கழித்து சிஸ்பாறை வழியில் வாலக்காட்டுப் பகுதியில் அவர்களின் உடல்கள் வரிசையாகக் கிடத்தப்பட்டிருந்தன. வெட்டிய தலைகளைத் தோள்மேல் பொருத்தி வைத்திருந்தார்கள். சரணடைவதுபோல் நடித்து, போலீஸ்காரர்களின் ஆயுதங்களைக் கொண்டே கொன்றிருக்கிறார்கள். மாவட்ட கெசட்டியர் என்ற பழைய அரசு விவரத் தொகுப்பில் உள்ள செய்தி இது. என் மகள் இதை இருமுறை சொல்லச் சொல்லிக் கேட்டாள்.

கொலையோடு வழிகாட்டி நிறுத்திவிடுவார். நீங்கள் நிறுத்தாதீர்கள். மறுநாள் கூடலூர் சாலையில் பைக்காரா தாண்டி நடுவட்டம் போங்கள். சீனக் கைதிகளை அடைத்திருந்த சிறைக் கட்டடம் இன்னும் அங்கே நிற்கிறது. தண்டனை முடிந்தவர்களில் சிலர் சீனாவுக்குத் திரும்பவில்லை. தமிழ்ப் பெண்களை மணந்து, காய்கறி போட்டு, மாடு வைத்துப் பிழைத்தார்கள். மானிடவியலாளர் எட்கர் தர்ஸ்டன் அவர்களின் பிள்ளைகளைப் பார்த்து எழுதியிருக்கிறார். விலங்கு மாட்டிக் கொண்டுவந்தவர்கள் இந்த மலையில் தங்கிவிட்டார்கள். எங்களை யாரும் விலங்கு மாட்டி அனுப்பவில்லை.

ஒரு எச்சரிக்கை. நீலகிரிப் பழங்குடிகளான குறும்பர்களைச் சூனியக்காரர்களாகக் காட்டிக் குரலைத் தாழ்த்தும் வழிகாட்டி கிடைத்தால் அங்கேயே குறுக்கிடுங்கள். சூனியப் பழி சுமத்தி 1835-இல் 48 குறும்பர்களைக் கொன்றார்கள். 1875-இலும் 1882-இலும் மீண்டும் கொன்றார்கள். இரவில் பயமுறுத்துகிறவர்கள் என்று யாரைப் பற்றிச் சொல்கிறார்களோ, அவர்கள்தான் வெட்டுப்பட்டவர்கள். பிள்ளைகள் முன்னால் இதைச் சொல்லத் தயங்க வேண்டாம், தலை வெட்டிய கதையை இப்போதுதான் கேட்டிருக்கிறார்கள். கோடநாடு பங்களாவில் 2017-இல் காவலாளி கொல்லப்பட்ட வழக்கைப் பற்றித் தேநீர்க் கடையில் கேட்க ஆசை வரும். கேட்காதீர்கள். கேட்டால் ஆளுக்கொரு கதை சொல்வார்கள், உங்கள் கடைசிப் பஸ் போய்விடும்.

பஸ் போனால் நடந்து போகலாம் என்று பழைய நினைப்பில் இறங்கிவிடாதீர்கள். நாங்கள் சிறுவர்களாக இருந்தபோது தேயிலைத் தோட்டத்துக்குள் குறுக்கு வழியாக இருட்டில் நடந்திருக்கிறோம். இப்போது குன்னூர், கோத்தகிரிப் பக்கம் கரடி தெருவுக்கே வருகிறது. காட்டெருமை வீட்டு வாசலில் நிற்கிறது. பேய் நடை முடிந்து விடுதிக்குத் திரும்ப வண்டியை முன்கூட்டியே பேசி வையுங்கள். தண்ணீருக்கு உலோகப் பாட்டில் கொண்டு வாருங்கள், பிளாஸ்டிக் பாட்டிலைச் சோதனைச் சாவடியிலேயே பிடுங்கிவிடுவார்கள். கூட்டத்தில் பின்தங்காமல் நடந்தால் மற்றதை வழிகாட்டி பார்த்துக்கொள்வார்.

விடுதலைப் பத்திரம் இன்னும் பதிவாகவில்லை. கிராம நிர்வாக அலுவலர் மாற்றலாகிவிட்டார் என்று சித்தப்பா போன வாரம் தொலைபேசியில் சொன்னார். புதிதாக வந்தவர் கோப்பை முதலிலிருந்து பார்க்க வேண்டும் என்கிறாராம். சமாதிக் கல்மேல் வைத்துப் போட்ட கையெழுத்து பழையதோடு ஒத்துப்போகவில்லை, கொஞ்சம் கோணலாக இருக்கிறதாம். தூதரகத்தில் நேரம் கேட்டு விண்ணப்பித்திருக்கிறேன்.