அருளப்பனும் ஜானும் ஒரே பெயர்தான்: எபிரேய வேர் கொண்ட பெயரை ஆராய்ந்து மகனுக்கு வைப்பது எப்படி?

மதுரையிலும் சுற்றியுள்ள ஊர்களிலும் ஆண் குழந்தை பிறந்த கிறித்தவக் குடும்பங்களில், பெயர் பற்றிய பேச்சு பெரும்பாலும் தாத்தாவின் பெயரிலிருந்துதான் தொடங்கும். பேரன் என்ற சொல்லே பெயரன், அதாவது தாத்தாவின் பெயரைத் தாங்குபவன், என்பதன் மருவிய வடிவம் என்பதால் அந்த உரிமையை எளிதில் மறுத்துவிட முடியாது. தாத்தாவின் பெயர் அருளப்பன் என்றும், குழந்தையின் பெற்றோர் விரும்புவது ஜான் என்றும் வைத்துக்கொள்வோம். இரு தரப்பினரும் வெவ்வேறு பெயர்களுக்காக வழக்காடுவதாக எண்ணிக்கொண்டிருப்பார்கள். உண்மையில் அவர்கள் இருவரும் கேட்பது ஒரே பெயரை.

கைபேசியில் புரட்டும் பெயர்ப் பட்டியல்கள் இதைச் சொல்வதில்லை. ஜான் என்பதற்கு எதிரே 'கடவுளின் பரிசு' என்று போட்டிருக்கும் பட்டியலை நானே பார்த்திருக்கிறேன். அது யோனத்தான் என்ற வேறொரு பெயருக்குரிய பொருள். ஆகவே எபிரேய வேர் கொண்ட ஒரு பெயரின் பொருளையும் வரலாற்றையும் நாமே தேடிக் கண்டுகொள்ளும் முறையை, ஜான் என்ற பெயரையே எடுத்துக்காட்டாகக் கொண்டு கீழே விளக்குகிறேன். சாமுவேலுக்கும் தானியேலுக்கும் இதே முறை பொருந்தும்.

மூல வடிவத்தைப் பிடித்தல்

முதல் வேலை, ஆங்கில வடிவத்தை ஒதுக்கிவிட்டு எபிரேய வடிவத்தைத் தேடுவது. ஜான் என்பதை வைத்துக்கொண்டு எந்தப் பொருளையும் காண முடியாது. ஆனால் அதன் மூலமாகிய யோஹானான் என்ற வடிவத்தைப் பார்த்தவுடன் அது இரண்டு துண்டுகளால் ஆனது என்பது தெரிந்துவிடும். இதுவும் யெஹோஹானான் என்ற நீண்ட வடிவத்தின் சுருக்கமே. முன்பகுதியாகிய 'யோ', இஸ்ரவேலர் வணங்கிய கடவுளின் திருப்பெயரது குறுகிய வடிவம். பின்பகுதியாகிய 'ஹானான்', அருள்கூர்ந்தார், இரக்கம் காட்டினார் என்று பொருள்படும் வினைச்சொல். இரண்டையும் சேர்த்தால் 'ஆண்டவர் அருள்கூர்ந்தார்' என்ற முழு வாக்கியமே கிடைக்கிறது. எபிரேயப் பெயர்களில் பல இவ்வாறு எழுவாயும் பயனிலையும் கொண்ட சிறு வாக்கியங்களாகவே இருக்கின்றன என்பதை நினைவில் வைத்துக்கொண்டால், பாதி வேலை முடிந்துவிட்டது.

வினைச்சொல்லின் வேரைக் கண்ட பிறகு, அதே வேரிலிருந்து பிறந்த உறவுப் பெயர்களையும் தேடிப் பார்க்க வேண்டும். கண்ட பொருள் சரிதானா என்று அவை சோதித்துக் காட்டும். சாமுவேலின் தாயாகிய அன்னாளின் பெயர் இதே வேரில் பிறந்து 'அருள்' என்றே பொருள்படுகிறது. நம் ஊர் அன்னம்மாள்களுக்கும் அதே வேர்தான். அனனியா என்ற பெயரில் அதே இரண்டு துண்டுகள் இடம் மாறி நிற்கின்றன. கடவுளின் பெயர் முன்னால் வராமல் 'யா' என்று இறுதியில் வருகிறது. ஏசாயா, எரேமியா, சகரியா ஆகிய பெயர்களின் இறுதியில் இருப்பதும் அந்த 'யா'தான்.

இங்கே இரண்டு எச்சரிக்கைகளைச் சொல்ல வேண்டும். 'யோ' என்று தொடங்கும் பெயர்கள் அனைத்திலும் கடவுளின் பெயர் இருப்பதாக முடிவு செய்துவிடக் கூடாது. யோசுவா, யோவேல், யோனத்தான் ஆகியவற்றில் அது உண்டு. ஆனால் யோசேப்பு என்பது 'அவர் இன்னும் கூட்டித் தருவாராக' என்று பொருள்படும் வினையிலிருந்து வந்தது, யோனா என்றால் புறா. அதேபோல் சாமுவேல், இம்மானுவேல் என்ற பெயர்களின் இறுதியில் கேட்பது முருகனின் வேல் அன்று. அங்கே இருப்பது கடவுளைக் குறிக்கும் 'ஏல்' என்ற எபிரேயச் சொல். அதற்கு முன்னால் உகரம் நிற்பதால் நம் நன்னூல் சொல்லும் உடம்படுமெய்யாகிய வகரம் இடையில் தோன்றி 'வேல்' ஆகிவிட்டது. திருப்பரங்குன்றத்தை நாள்தோறும் பார்க்கும் கண்ணுக்கு அந்த மயக்கம் இயல்புதான்.

பெயர் நடந்து வந்த வழி

பொருள் தெரிந்துவிட்டது, அடுத்து, அந்தப் பெயர் எந்த மொழிகளின் வழியாக நம்மிடம் வந்தது என்பதைப் பார்க்க வேண்டும். ஒலி மாறியதற்கான காரணம் முழுவதும் அந்த வழியில்தான் இருக்கிறது. எபிரேயத்தின் தொண்டையடி ஹகரத்தை எழுதக் கிரேக்கத்தில் எழுத்து இல்லாததால், யோஹானான் அங்கே 'யோஅன்னேஸ்' ஆனது. லத்தீன் அதை 'யோஹன்னெஸ்' என்று ஹகரத்தோடு எழுதியது. ஆங்கிலத்தில் இப்பெயரை எழுதும்போது நடுவில் ஒலிக்காத ஓர் எழுத்து நிற்கிறதே, அது அந்த லத்தீன் வடிவம் விட்டுச்சென்ற தடம். போர்ச்சுகீசியர் அதை மூக்கொலியோடு 'ஜுவாவ்' என்றும், இசுப்பானியர் 'ஹுவான்' என்றும், இத்தாலியர் 'ஜொவானி' என்றும், உருசியர் 'இவான்' என்றும் ஆக்கிக்கொண்டனர். மேற்குத் தொடர்ச்சி மலையைத் தாண்டினால், சிரியாக் மொழி மரபைப் பெற்ற மலையாளக் கிறித்தவர்கள் 'யோஹன்னான்' என்று ஏறத்தாழ மூல ஒலியையே காத்து வைத்திருக்கிறார்கள்.

நமது யோவான் கிரேக்க வழியில் வந்த வடிவம் என்பதை, அதில் ஹகரம் இல்லாததைக் கொண்டே சொல்லிவிடலாம். ஓகாரத்துக்கும் ஆகாரத்துக்கும் நடுவில் நிற்கும் வகரம் இங்கும் உடம்படுமெய்தான். தொல்காப்பியத்தின்படி யகரம் ஆகாரத்தோடு மட்டுமே சொல்லுக்கு முதலில் வரும். நன்னூல் 'யோ'வையும் அனுமதித்துவிட்டதால், தமிழ் இலக்கணம் அறிந்தவரும் இப்பெயரைக் குறை சொல்ல இடமில்லை. ஜான் என்பதோ ஆங்கிலத்தின் வழியாக வந்தது. மதுரையில் 1834இல் பணியைத் தொடங்கிய அமெரிக்க மதுரை மிஷனும் ஆங்கிலப் பள்ளிக் கல்வியும் பரவிய பிறகு, அந்த வடிவத்தை ஏற்கக் காதுகள் பழகிவிட்டன.

அரபு வழியையும் விட்டுவிடக் கூடாது. திருமுழுக்கு யோவானே திருக்குர்ஆனில் யஹ்யா நபி. அரபுக் காதுக்கு யஹ்யா என்பது 'வாழ்கிறார்' என்ற சொல்லாகவே கேட்கும். ஆயினும் 19ஆம் அத்தியாயத்தின் 13ஆம் வசனம், அவருக்கு இறைவன் தன்னிடமிருந்து 'ஹனான்', அதாவது இரக்கம், அளித்ததாகக் கூறுகிறது. யோஹானான் என்ற பெயருக்குள் இருக்கும் அதே வேரில் பிறந்த சொல் அது. பக்கத்துத் தெருவில் யஹ்யா என்ற பெயரில் ஒரு பையன் இருந்தால், உங்கள் மகனும் அவனும் ஒரே பெரியவரின் பெயரைத் தாங்குகிறவர்கள்.

பெயரைத் தாங்கியவர்கள்

வரலாறு என்றவுடன் அரசர்களையும் போப்பாண்டவர்களையும் அடுக்கத் தேவையில்லை. எபிரேய மறைநூலிலேயே இப்பெயர் உண்டு. எருசலேம் வீழ்ந்த பின் எஞ்சிய மக்களை எகிப்துக்கு அழைத்துச் சென்ற படைத்தலைவன் கரேயாவின் மகன் யோகனான். கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் யூதேயாவை ஆண்ட ஹிர்கானுசும், கி.பி. 70இல் ஆலயம் அழிந்த பின் யூத சமயக் கல்வியை மீட்டெடுத்த பென் சக்காயும் இதே பெயரினர். ஆனால் பெயர் வைக்கும் வீட்டில் படிக்க வேண்டிய கதை, லூக்கா நற்செய்தியின் முதல் அதிகாரத்தில் இருக்கிறது. எட்டாம் நாளில் கூடிய உறவினர்கள் குழந்தைக்குத் தந்தையின் பெயராகிய சகரியா என்பதையே வைக்க முனைகிறார்கள். தாய் எலிசபெத்து மறுத்து, யோவான் என்றே வைக்க வேண்டும் என்கிறாள். உங்கள் உறவில் யாருக்கும் அந்தப் பெயர் இல்லையே என்று அவர்கள் வாதிட, பேச்சிழந்திருந்த தந்தை ஒரு பலகையைக் கேட்டு வாங்கி, 'இவன் பெயர் யோவான்' என்று எழுதிக்காட்டுகிறார். நம் வீட்டு அப்பத்தாவும் அத்தையும் மாமாவும் செய்யும் வழக்கு இரண்டாயிரம் ஆண்டுப் பழமையுடையது என்பதில் எனக்கு ஒரு சிறு ஆறுதல் உண்டு.

மதுரைக்கே உரிய வரலாறு இதற்கு மேல் தொடங்குகிறது. 1606இல் மதுரைக்கு வந்த தத்துவ போதகர் என்னும் ராபர்ட் தெ நொபிலி முதலாக, இயேசு சபைத் துறவியர் தமிழ்ப் பெயர்களோடு தமிழில் பேசிய ஒரு மரபு உருவாயிற்று. அவர்களுள் ஒருவர், 1647இல் லிஸ்பனில் பிறந்து, 1693 பிப்ரவரி 4 அன்று ஓரியூரில் தலை வெட்டப்பட்டு உயிர்நீத்த ஜான் தெ பிரிட்டோ. போர்ச்சுகீசிய மொழியில் அவரது பெயர் ஜுவாவ்; அதாவது யோஹானான். தமிழ் மக்கள் அவரை அருளானந்தர் என்று அழைத்தனர். பெயரின் வேரில் இருந்த அருள், தமிழ்ப் பெயரிலும் முதலிலேயே வந்து அமர்ந்திருப்பதைக் காணலாம். 1947இல் அவர் புனிதராக அறிவிக்கப்பட்டார். மதுரைக்கு மேற்கே கருமாத்தூரில் உள்ள கல்லூரி அவர் பெயரையே தாங்குகிறது. நம் பக்கத்துப் பையன்கள் பலருக்குப் பிரிட்டோ என்றே பெயர் இருப்பதும் அவரால்தான். ஆனால் அது அவரது குடும்பப் பெயர் என்பதையும், அதில் எபிரேய வேர் ஏதும் இல்லை என்பதையும் தெரிந்துகொண்டு வைப்பது நல்லது.

தமிழ்க் கத்தோலிக்கர் யோவானை அருளப்பர் என்று பொருள்வழியே மொழிபெயர்த்து வழங்கினர். 1995இல் பொது மொழிபெயர்ப்பாகிய திருவிவிலியம் வரும்வரை, ஆலயங்களில் வாசிக்கப்பட்டது அருளப்பர் நற்செய்தி. இப்போது அதுவே யோவான் நற்செய்தி. வீரமாமுனிவரோ தேம்பாவணியில் இன்னொரு வழியில் சென்றார்: சூசையப்பருக்கு, அதாவது யோசேப்புக்கு, வளன் என்றும், திருமுழுக்கு யோவானுக்குக் கருணையன் என்றும் பெயரிட்டார். தாய் எலிசபெத்தை இழந்து கருணையன் புலம்பும் பாடல்களைப் பத்தாம் வகுப்புத் தமிழ்ப் பாடநூலில் படித்த பிள்ளைகளுள், வகுப்பில் பக்கத்தில் அமர்ந்திருக்கும் ஜானின் பெயரும் அதுவே என்று எத்தனை பேர் கண்டார்களோ! கூட்டித் தருதல் என்ற பொருளுடைய யோசேப்பு 'வளன்' ஆனதும், அருள்கூர்தல் என்ற பொருளுடைய யோஹானான் 'கருணையன்' ஆனதும், அந்த மனிதர் எபிரேயப் பொருளை எவ்வளவு நுணுக்கமாகத் தமிழில் ஏற்றினார் என்பதைக் காட்டுகின்றன. என் பார்வையில் இப்பெயரின் தமிழ் வடிவங்களுள் மிக அழகானது கருணையன்தான். அதை யாரும் வைப்பதில்லை என்பது எனக்கு வருத்தம்.

வீட்டில் இருக்கும் சான்று

குடும்பத்தில் இப்பெயர் முன்பு இருந்ததா என்பதைப் பெரியவர்களிடம் கேட்பதோடு நிறுத்திவிடாமல், கிரயப் பத்திரங்களையும் கல்லறைக் கற்களையும் பங்கு ஆலயத்தின் திருமுழுக்குப் பதிவேட்டையும் பார்க்க வேண்டும். பதிவேட்டைப் பார்க்கப் பங்குத்தந்தையிடம் முன்கூட்டியே அனுமதி கேட்டு, தோராயமான ஆண்டையும் தந்தை பெயரையும் ஞானப்பெற்றோர் பெயரையும் எழுதிக் கொடுத்தால் தேடுவது எளிதாகும். பழைய பதிவுகளில் பெயர் லத்தீன் வடிவில் இருக்கலாம். பத்திரத்தில் அருளப்பன் என்றும், பதிவேட்டில் யோஹன்னெஸ் என்றும், பள்ளிச் சான்றிதழில் ஜான் என்றும் மூன்று மனிதர்களைப் போல நிற்பவர் ஒரே கொள்ளுத்தாத்தாவாக இருக்கக்கூடும் என்பதை மனத்தில் கொண்டு தேட வேண்டும்.

வடிவத்தைத் தேர்ந்து பதிதல்

வடிவத்தைத் தேர்வதில் சில நடைமுறைச் செய்திகளைக் கவனிக்கலாம். ஜான் சுருக்கமானது, ஆனால் வீட்டில் ஜானு என்று அழைக்கத் தொடங்கினால் ஜானகிகளோடு குழம்பும், பள்ளியில் 'சாண் ஏறினால் முழம் சறுக்கும்' என்று கேலி செய்ய ஒருவனாவது இருப்பான். யோவான் விவிலியத் தமிழின் கம்பீரம் உடையது. அருள் என்று மட்டும் வைத்தால், சைவரும் வைணவரும் போற்றும் அதே சொல் என்பதால், பெயரைக் கொண்டு சமயத்தைக் கணிக்க முடியாது; அதை நிறையாகவே நான் கருதுகிறேன். அருள் ஜான் என்று இரண்டையும் சேர்த்து வைப்பவர்கள் ஒரே பொருளை இருமுறை சொல்கிறார்கள்; அதில் பிழை ஒன்றுமில்லை, தாத்தாவும் பெற்றோரும் சமாதானம் ஆவதற்கு அதைவிட எளிய வழியும் இல்லை. நாள் பார்த்துப் பெயரிட விரும்புவோர், திருமுழுக்கு யோவானின் பிறப்புப் பெருவிழா ஜூன் 24, திருத்தூதர் யோவானின் விழா டிசம்பர் 27, அருளானந்தரின் விழா பிப்ரவரி 4 என்பதைக் குறித்துக்கொள்ளலாம்.

பிறப்பை 21 நாட்களுக்குள் பதிய வேண்டும் என்றாலும், பெயரையும் அன்றே முடிவு செய்ய வேண்டியதில்லை. பதிந்த நாளிலிருந்து 12 மாதங்களுக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம். அதன்பின் 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணத்துடன் சேர்க்கலாம். ஆனால் எழுத்தில் மிகுந்த கவனம் தேவை. எங்கள் உறவுக்குள் ஒரு பையனின் சான்றிதழில் றன்னகரம் டண்ணகரமாகி 'ஜாண்' என்று அச்சாகிவிட்டது. வாயால் சொல்லிவிட்டு வந்ததன் விளைவு அது. ஆகவே தேர்ந்த வடிவத்தைத் தமிழிலும் ஆங்கிலத்திலும், முன்னெழுத்தோடு சேர்த்து, ஒரு தாளில் பெரிய எழுத்தில் எழுதி, விண்ணப்பத்தோடு இணைத்துக் கொடுங்கள். சான்றிதழைக் கையில் வாங்கியவுடன் அந்த இடத்திலேயே நின்று எழுத்தெழுத்தாக ஒப்பிட்டுப் பாருங்கள்.