வாய்ஸ் சாட் போட்டதும் கேம் சத்தம் கெட்டுப்போகிறதா?

ப்ளூடூத் ஹெட்செட்டில் வாய்ஸ் சாட்டை ஆன் செய்ததும் கேம் சத்தம் பழைய ரேடியோ மாதிரி ஆகிவிடுகிறதா? ஹெட்செட்டில் பழுதில்லை. சாதாரண ப்ளூடூத்தில் தரமான ஸ்டீரியோவும் மைக்கும் ஒன்றாக ஓடாது. மைக் திறந்ததும் இணைப்பு, போன் பேச மட்டுமே போதுமான மோனோ ஒலிக்கு இறங்கிவிடும்.

அதனால் ஹெட்செட் மைக்கை விட்டுவிடுங்கள். டிஸ்கார்ட் என்ற வாய்ஸ் சாட் ஆப்பின் செட்டிங்ஸில், 'வாய்ஸ் அண்ட் வீடியோ' பக்கத்தில், இன்புட் டிவைஸ் 'டீஃபால்ட்' என்று இருப்பதை மாற்றி லேப்டாப் மைக்கைத் தேர்ந்தெடுங்கள். கேமுக்குள்ளேயே இருக்கும் வாய்ஸ் சாட் என்றால் விண்டோஸ் சவுண்ட் செட்டிங்ஸிலும் அதையே வையுங்கள். பெரும்பாலும் உடனே ஒலி தெளிந்துவிடும்.

லேப்டாப் மைக் கீபோர்டு தட்டுவதையும் சேர்த்தே அனுப்பும். பட்டனை அழுத்தும்போது மட்டும் குரலை அனுப்பும் 'புஷ் டு டாக்' போட்டுக்கொண்டால், உங்களோடு விளையாடுபவர்கள் திட்டமாட்டார்கள். குரலே போகவில்லையா? விண்டோஸ் பிரைவசி பகுதியில் மைக்ரோபோன் அனுமதி இருக்கிறதா என்று பாருங்கள். வயர் ஹெட்செட்காரர்களுக்கு இந்த ஸ்டீரியோ தொல்லையே கிடையாது.