ஜப்பானிய கோல்ஃப் வீரரின் வெற்றிக் கணக்கைச் சரியாகப் போடுவது எப்படி?

ஹிடேகி மாட்சுயாமா எத்தனை முறை வென்றிருக்கிறார் என்று தேடிப் பாருங்கள். ஓரிடத்தில் 8 என்றிருக்கும், இன்னோரிடத்தில் 11 என்றிருக்கும், வேறொன்றில் இருபதை ஒட்டிய எண் வரும். எதுவும் தப்பில்லை. முதலாவது ஜப்பான் டூர் (உள்நாட்டுத் தொழில்முறைப் போட்டித் தொடர்) கணக்கு. இரண்டாவது அமெரிக்க பிஜிஏ டூரில் 2025 ஜனவரி வரையான கணக்கு. மூன்றாவது எல்லாவற்றையும் கூட்டியது. ஜப்பானிய வீரர்கள் பெரும்பாலும் உள்நாட்டில் தொடங்கி வெளியே போகிறவர்கள் என்பதால், எந்த டூரில் வென்றது என்று சொல்லாத எண்ணிக்கையை வைத்துக்கொண்டு ஒன்றும் செய்ய முடியாது.

வேலையைத் தொடங்கும்போது ஒரு தாளில் ஏழு பத்திகள் போட்டுக்கொள்ளுங்கள்: தேதி, போட்டியின் பெயர், மைதானம், எந்த டூர், மொத்த அடிகள், பாருக்கு (மைதானத்துக்கென நிர்ணயித்த அடிகளுக்கு) எத்தனை கீழ், பரிசுப் பணம். மைதானத்துக்குத் தனிப் பத்தி எதற்கு என்று தோன்றலாம். விளம்பரதாரர் மாறினால் போட்டியின் பெயரும் மாறிவிடும், மைதானம் அவ்வளவு சீக்கிரம் மாறாது. 1983இல் இசாவோ அவோகி கடைசிக் குழியில் 128 கெஜத்திலிருந்து அடித்த பந்து நேராக உள்ளே போய் ஈகிள் (அந்தக் குழியின் பாருக்கு இரண்டு கீழ்) ஆனது; பிஜிஏ டூரில் ஒரு ஜப்பானியரின் முதல் வெற்றி அது. அந்த ஹவாயன் ஓப்பனும், 2022இல் மாட்சுயாமா பிளேஆஃபில் (சமநிலையை முறிக்கும் கூடுதல் ஆட்டத்தில்) வென்ற சோனி ஓப்பனும் ஒரே போட்டிதான். இரண்டும் நடந்தது ஹொனலூலுவின் வையலே மைதானத்தில். பெயரை மட்டும் குறித்து வைத்திருந்தால் இந்தத் தொடர்பு கண்ணில் படாது.

அடுத்து ஆளைச் சரியாக அடையாளம் காண வேண்டும். ஜப்பானியப் பட்டியல்களில் குடும்பப் பெயர் முன்னால் வரும், ஆங்கிலப் பட்டியல்களில் பின்னால். பழைய முடிவுகளில் ‘ஒசாகி’ என்று மட்டும் கண்டால் நிதானியுங்கள், ஏனென்றால் அண்ணன் தம்பிகள் மூன்று பேர் ஒரே காலத்தில் ஆடினார்கள்: மசாஷி, டடேயோ, நவோமிச்சி. ரசிகர்களுக்கு அவர்கள் ஜம்போ, ஜெட், ஜோ. ஜம்போவின் 94 ஜப்பான் டூர் வெற்றிகளில் ஒன்று தம்பி கணக்கில் விழுந்தாலும் இரண்டு வரலாறுகள் கெடும். நகாஜிமா என்ற பெயரிலும் இதே சிக்கல் உண்டு. சுனேயுகி ஒரு தலைமுறை, கெய்ட்டா வேறு தலைமுறை. மாட்சுயாமா என்பது எஹிமே மாகாணத்தில் அவர் பிறந்த நகரத்தின் பெயரும்கூட, ஆகவே தேடும்போது ஹிடேகியைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

தொழில்முறைக்கு மாறிய தேதியைத் தாளின் நடுவே ஒரு கோடாகப் போடுங்கள். அதற்கு முந்தைய வெற்றிகளுக்குப் பரிசுப் பணம் கிடையாது. மாட்சுயாமா 2011 நவம்பரில் டைஹேயோ மாஸ்டர்ஸை வென்றபோது தோஹோக்கு ஃபுகுஷி பல்கலைக்கழக மாணவர். தொழில்முறைக்கு வந்ததோ 2013 ஏப்ரலில்தான். பணப் பட்டியலிலிருந்து வெற்றிகளைப் பொறுக்குகிறவர்களுக்கு இந்த வெற்றி அகப்படவே அகப்படாது. ரியோ இஷிகாவா 2007இல் 15 வயதில் வென்றதும், டைகா செமிகாவா 2022இல் ஜப்பான் ஓப்பனையே அமெச்சூராக வென்றதும் அப்படித்தான். பரிசுப் பணப் பத்தியில் சுழியம் போடாமல் ‘அமெச்சூர்’ என்றே எழுதுங்கள்.

இன்னொரு கோடு 1973இல் விழ வேண்டும். ஜப்பான் டூரின் அதிகாரபூர்வ எண்ணிக்கை அந்த ஆண்டிலிருந்துதான் தொடங்குகிறது. 1971இல் ஜம்போ வென்ற ஜப்பான் பிஜிஏ சாம்பியன்ஷிப் மேற்சொன்ன 94இல் சேராது. அவோகியின் 51இலும் 1973க்கு முந்தையவை இல்லை.

இனி அதிகம் தடுமாற வைக்கும் இடம். எந்த வெற்றியை எந்த டூரில் வரவு வைப்பது? மாட்சுயாமாவின் 2016 இலையுதிர்காலத்தை எடுத்துப் போட்டுப் பார்ப்பதைவிட நல்ல பயிற்சி கிடையாது. அக்டோபரில் ஜப்பான் ஓப்பன் வெற்றி. அடுத்த வாரம் கோலாலம்பூரில் சிஐஎம்பி கிளாசிக், இரண்டாம் இடம். அதற்கடுத்து ஷாங்காயின் ஷேஷான் மைதானத்தில் டபிள்யூஜிசி-ஹெச்எஸ்பிசி சாம்பியன்ஸ், 7 அடி வித்தியாசத்தில் வெற்றி. நவம்பரில் கோட்டெம்பாவில் டைஹேயோ மாஸ்டர்ஸ், அங்கும் 7 அடி வித்தியாசம். டிசம்பரில் பஹாமாஸில் ஹீரோ வேர்ல்ட் சேலஞ்ச் வெற்றி. நடுவே வந்த உலகக் கோப்பை அணிப் போட்டி, அதை ஒதுக்கிவிட்டால் ஐந்தில் நான்கு வெற்றி.

தாளில் ஏற்றும்போது அந்த நான்கும் பிரிந்துபோகும். ஜப்பான் ஓப்பனும் டைஹேயோவும் ஜப்பான் டூருக்கு. ஷாங்காய் வெற்றி பிஜிஏ டூருக்கு. அதே வெற்றியை ஐரோப்பிய டூரும் தன் கணக்கில் எழுதிக்கொள்ளும், ஏனென்றால் 2023 வரை நடந்த டபிள்யூஜிசி (உலக கோல்ஃப் சாம்பியன்ஷிப்) போட்டிகளும், மேஜர்கள் எனும் நான்கு உச்சப் போட்டிகளும் (மாஸ்டர்ஸ் அவற்றில் ஒன்று) இரு டூர்களுக்கும் பொது. ஐரோப்பாவில் வழக்கமாக ஆடாத மாட்சுயாமாவுக்கு ஐரோப்பிய டூரில் 3 வெற்றிகள் என்று காட்டுவது இதனால்தான்: ஷாங்காய், 2017 பிரிட்ஜ்ஸ்டோன் (அதுவும் டபிள்யூஜிசி), 2021 மாஸ்டர்ஸ். இவற்றை 11உடன் கூட்டினால் ஒரே வெற்றியை இரண்டு முறை எண்ணியதாகிவிடும். பஹாமாஸ் போட்டி அந்த ஆண்டு 18 பேர் மட்டும் ஆடிய அழைப்புப் போட்டி. தரவரிசைப் புள்ளி உண்டு, பரிசும் பெரிது, ஆனால் எந்த டூரின் அதிகாரபூர்வ வெற்றியும் அல்ல. அதற்கு ‘இதர’ என்று எழுதுங்கள்.

ஒலிம்பிக்கும் ‘இதர’தான். மாட்சுயாமாவின் 2024 பாரிஸ் வெண்கலம் எந்த டூர் பட்டியலிலும் வெற்றியாக வராது. டோக்கியோ ஒலிம்பிக்கில் வெண்கலத்துக்காக ஏழு பேர் மோதிய பிளேஆஃபில் அவர் தோற்றது கசுமிகாசேகி மைதானத்தில். 2010இல் ஆசிய அமெச்சூர் பட்டம் வென்று மாஸ்டர்ஸ் அழைப்பைப் பெற்றதும் அங்கேதான். மைதானப் பத்தி இங்கேயும் கைகொடுக்கிறது.

ஆண்டை எழுதும்போது நாட்காட்டி ஆண்டா, சீசனா என்று முதலிலேயே முடிவு செய்துகொள்ளுங்கள். பிஜிஏ டூர் 2013-14 முதல் 2022-23 வரை இலையுதிர்காலத்தில் சீசனைத் தொடங்கியது. ஆகவே 2021 ஏப்ரல் மாஸ்டர்ஸ் 2020-21 சீசனிலும், அதே ஆண்டு அக்டோபரில் நராஷினோவில் வென்ற சோசோ சாம்பியன்ஷிப் 2021-22 சீசனிலும் போய்ச் சேரும். ‘2021இல் இரண்டு வெற்றி’ என்பதும் ‘2020-21இல் ஒன்று’ என்பதும் முரண் இல்லை. ஜப்பான் டூர் வழக்கமாக நாட்காட்டி ஆண்டையே பின்பற்றும். கொரோனா காரணமாக 2020ஐயும் 2021ஐயும் ஒரே சீசனாக்கியது மட்டும் விதிவிலக்கு. 2020க்கு என்று தனியாகப் பரிசுப் பணத்தில் முதலிடம் பெற்றவரைத் தேடி நேரத்தை வீணாக்காதீர்கள்.

பரிசுப் பணத்தை வென்ற நாணயத்திலேயே விட்டுவிடுங்கள். யெனை இன்றைய டாலர் மதிப்புக்கு மாற்றினால் எண் மாறும், பொருள் சிதையும். அந்த ஆண்டுப் பட்டியலில் எத்தனையாவது இடம் என்பதையும் சேர்த்து எழுதினால் போதும். தொழில்முறையின் முதல் ஆண்டான 2013இல் மாட்சுயாமா 4 வெற்றிகளுடன் 20 கோடி யெனுக்கு மேல் ஈட்டி முதலிடம் பிடித்தார். அதற்கு முன் புதுமுகம் எவரும் அந்த இடத்தைப் பிடித்ததில்லை. தொகையைவிட இந்தச் செய்திதான் பெரிது.

அடிகளைக் கூட்டிப் பார்க்காமல் எந்த வரியையும் ஏற்க வேண்டாம். மாட்சுயாமாவின் 2021 மாஸ்டர்ஸ்: 69, 71, 65, 73, மொத்தம் 278. அது நடக்கும் ஆகஸ்டா மைதானத்தின் பார் 72, நான்கு சுற்றுக்கு 288. எனவே 10 கீழ். ஆனால் எல்லா மைதானத்துக்கும் 72 என்று வைத்துவிட்டால் மாட்டிக்கொள்வீர்கள். 2025 தி சென்ட்ரியில் அவர் அடித்தது 257. அது நடந்த கபாலுவா மைதானத்தின் பார் 73 என்பதால் 292இலிருந்து கழித்து 35 கீழ் என்று வரும், அது பிஜிஏ டூர் சாதனை. 72 என்று நினைத்துக் கணக்கிட்டிருந்தால் சாதனை 31ஆகச் சுருங்கியிருக்கும். எதிர்ப்பக்கம் 2010 தி கிரவுன்ஸ்: இறுதிச் சுற்றில் இஷிகாவா 58 அடித்த வாகோ மைதானத்தின் பார் 70, ஆகவே அது 12 கீழ்.

முடிவுப் பட்டியலில் எண்ணுக்கு முன் ‘டி’ இருந்தால் அந்த இடத்தைப் பலர் பகிர்ந்திருக்கிறார்கள் என்று பொருள். 2011 மாஸ்டர்ஸில் மாட்சுயாமாவின் இடம் டி27; ‘கட்’ எனும் பாதிவழி வடிகட்டலைத் தாண்டிய ஒரே அமெச்சூர் அவர்தான். கட் எங்கே விழுகிறது என்பது இடத்துக்கு இடம் வேறு. ஜப்பான் டூரில் பொதுவாக 36 குழிகளுக்குப் பின் முதல் 60 பேரும் அவர்களுடன் சமநிலையில் இருப்பவர்களும் மிஞ்சுவார்கள், மாஸ்டர்ஸில் இப்போது 50. எனவே இரண்டு டூர்களின் ‘கட் தவறிய’ எண்ணிக்கையை அப்படியே ஒப்பிடாதீர்கள்.

உலகத் தரவரிசையை ஒப்பிடுவதில் இன்னும் கவனம் தேவை. இரண்டு ஆண்டு முடிவுகளின் சராசரி அது. முதல் 13 வாரம் புள்ளிகள் முழுதாக நின்று, பிறகு படிப்படியாகத் தேயும். 2022 ஆகஸ்ட் வரை ஒவ்வொரு டூருக்கும் உறுதியான குறைந்தபட்சப் புள்ளிகள் இருந்தன. பிறகு களத்தில் யார் யார் ஆடுகிறார்கள் என்பதை வைத்தே புள்ளி என்றானது, ஜப்பான் டூர் போட்டிகளின் மதிப்பு இறங்கியது. ஜப்பானிலேயே தங்கி ஆடும் ஒருவர் 2023இல் கீழே தெரிந்தால் அவர் ஆட்டம் கெட்டுவிட்டது என்று எழுதிவிடாதீர்கள். மாட்சுயாமாவின் உச்சமான 2ஆம் இடம் பழைய முறையில், 2017 ஜூனில் வந்தது.

தாளில் கடைசிப் பத்தியாக, ஒரு வெற்றி எந்தக் கதவைத் திறந்தது என்று எழுதி வைக்கலாம். பலர் இதைச் செய்வதில்லை, ஆனால் ஒரு வீரர் ஏன் சட்டென்று வெளிநாட்டுப் போட்டிகளில் தென்படுகிறார் என்பதற்கு விடை இங்கேதான் கிடைக்கும். மாஸ்டர்ஸ் வென்றவருக்கு அந்தப் போட்டியில் ஆயுள் உரிமையும், மற்ற மூன்று மேஜர்களிலும் பிஜிஏ டூரிலும் ஐந்தாண்டு இடமும் உண்டு. ஜப்பான் ஓப்பன் வெற்றியாளருக்கு 2025 முதல் அடுத்த ஆண்டு மாஸ்டர்ஸ் அழைப்பு கிடைக்கிறது. பழைய வெற்றியாளர்களுக்கு அப்படித் தானாக வந்ததில்லை. ஜப்பான் டூரின் நிரந்தர இடத்துக்கு வேண்டியது 25 வெற்றி. எட்டியவர்கள் ஏழே பேர்: சுகிஹாரா டெருவோ, அவோகி, ஜம்போ ஒசாகி, சுனேயுகி நகாஜிமா, நவோமிச்சி ஒசாகி, குராமோட்டோ, கடயாமா. மேஜர் வென்ற ஒரே ஜப்பானிய ஆண் வீரரான மாட்சுயாமா இந்த ஏழில் இல்லை, ஏனென்றால் அந்தக் கணக்கில் அவருக்கு வரவு 8தான்.